மூண்டாம் மாடிக்குக் கட்டில் வருது

இல்லைப் பிள்ளை, எறியச் சொல்லேல்லை. படி திரும்புற இடத்தில நிக்கிற இந்தச் சப்பாத்துத் தட்டையும் குழந்தையின்ர வண்டிலையும் கொஞ்ச நேரத்துக்கு உள்ளுக்கு வைச்சீங்களெண்டாக் காணும். பிறகு நானே வெளிய எடுத்து வைச்சு விடுறன். ஓம், உங்களுக்கு மேல, மூண்டாம் மாடி. அருந்ததி எண்டு பேர். நீங்கள் குடிவந்த நாளில இருந்து வந்து கதைக்கோணும் எண்டுதான் இருந்தனான். பாருங்கோ, எனக்கொரு அலுவல் வந்தோடனதான் கதவைத் தட்டுறன். குறை நினையாதேங்கோ.

என்ன வருகுதோ? அது... ஒரு பெரிய சாமான். அலுமாரி மாதிரி.

என்னது? வாச்சர் உங்களிட்ட ஃபிறிட்ஜ் எண்டவனோ? நாலாம் மாடிக் கிளறன்ஸ் சோபா எண்டவரோ? ஐயோ கடவுளே! பொறுங்கோ, எனக்குச் சிரிப்பை அடக்கேலாமக் கிடக்கு. அவையளில பிழையில்லை. நான்தான் ஆளுக்கொண்டு சொல்லி வைச்சிருக்கிறன்.

சரி, உங்களுக்கு உண்மையைச் சொல்லுறன். கட்டில். கிங் சைஸ் கட்டில், மெத்தையோட.

சிரியுங்கோ, சிரியுங்கோ. எனக்கு ஐம்பத்தெட்டு வயசு பிள்ளை. காலமை வாச்சர் தம்பியிட்டப் போய், மல்லி, லொறி வரும், பெரிய கேற்றைத் திறந்து வை எண்டு சொன்னன். மொகத மிஸ் என்னே, என்ன வருகுது எண்டான். கட்டிலுக்குச் சிங்களம் தெரியாமலில்லை, முப்பது வருசம் இந்த வெள்ளவத்தையிலதான் இருக்கிறன். ஆனா நாக்கு எழும்பேல்லை. ஃபிறிட்ஜ் எகக் மல்லி எண்டிட்டு மேல ஓடி வந்திட்டன்.

ஏறுமோ எண்டு எனக்கும் பயம்தான். லிப்டுக்குள்ள கதிரையே சரிச்சுத்தான் கொண்டு போகோணும். படியாலதான் ஏத்தோணும். கடைக்காரர் சொன்னவை, வாசல், படி, திரும்புற இடம் எல்லாம் அளந்து வையுங்கோ, வழியில ஒண்டும் நிக்கக் கூடாது எண்டு. அதைக் கேட்ட நேரம் துவங்கி எங்கட வீடு வீடா இல்லை. வாசல் கதவைப் பிணைச்சலோட கழட்டியாச்சு. இப்ப முன்வீட்டுப் பூனை தன்ர வீடு மாதிரி வந்து விறாந்தையில படுத்திருக்கு. லைற்றுக் கூடு கழட்டியாச்சு, சாமிப்படம் இறக்கியாச்சு, மாபிள் கீறுப்படும் எண்டு நிலம் முழுக்க பழைய பெட்சீற் விரிச்சிருக்கு. சாப்பாட்டு மேசையைக் குசினிக்குள்ள தள்ளினது. தேத்தண்ணி போடுறதெண்டா நண்டு மாதிரிப் பக்கவாட்டிலதான் போகோணும்.

அதோட விட்டமோ? நேற்றுப் பின்னேரம் ஒத்திகை பார்த்தது! கீழ பலசரக்குக் கடையில காட்போட் பெட்டி வாங்கி வெட்டி ஒட்டி, தலைமாட்டுப் பலகையின்ர அளவுக்கு ஒண்டு செய்தது. மேல் நுனியில அவர், கீழ் நுனியில நான். உங்கட வாசல் வரைக்கும் நல்லா வந்தது. இந்தத் திருப்பத்தில சிக்கிச்சுது பாருங்கோ! அவர் சரியுங்கோ எண்டுறார், நான் நிமித்துங்கோ எண்டுறன், காட்போட் வளைஞ்சு ரெண்டு பேரையும் சுவரோட அமத்திப் போட்டுது. சிரிச்சுச் சிரிச்சு எனக்கு வயித்துக்குள்ள பிடிச்சிட்டுது. அந்த நேரம் பார்த்துக் கிளறன்ஸ் இறங்கி வாறார். என்ன மிஸ் இது எண்டார். சோபா எண்டன். வெறும் காட்போட்டைப் பிடிச்சுக் கொண்டு! மனிசன் திரும்பி மேல போயிட்டார்.

அவரெண்டா, என்ர மனிசன். பாலசுந்தரம். லேன் முனையில நிக்கிறார், லொறிக்கு வழி காட்ட. காலமை தொட்டு அங்கதான், புதுச் சேட்டும் போட்டுக் கொண்டு. கட்டிலுக்கு ஆர் புதுச் சேட்டுப் போடுறது, சொல்லுங்கோ.

பழைய கட்டிலோ? அந்தக் கதையைக் கேளாதேங்கோ. ஒண்டில்லை, ரெண்டு. என்ர ஒத்தைக் கட்டில் ஒண்டு, அவர் ஹெவ்லொக் டவுனில தன்ர வீட்டில இருந்து கொண்டு வந்த ஒத்தைக் கட்டில் ஒண்டு. ரெண்டையும் சேத்துப் போட்டாலும் நடுவில ஒரு இடைவெளி. அவற்ற கண்ணாடி அதுக்குள்ள விழும், என்ர ஃபோன் விழும், ஒருநாள் அவரே பாதி விழுந்திட்டார். கயிறு போட்டுக் கட்டிப் பார்த்தம். விடியேக்கப் பார்த்தா ரெண்டும் கோவிச்சுக் கொண்ட மாதிரி விலகி நிக்கும்.

ஓம் பிள்ளை, சரியாத்தான் விளங்கியிருக்கிறீங்கள். போன வருசம்தான் கலியாணம் கட்டினனாங்கள். ரெஜிஸ்ரார் கந்தோரில, ஒரு மாலை, ஒரு ஐஸ்கிறீம், முடிஞ்சுது. என்ர முதல் மனிசன் செத்தது மகள் ஓ.எல் சோதினை எடுக்கிற வருசம். பிறகு அவளும் நானும்தான். இவருக்கும் அப்ப மனிசி இல்லை, பிள்ளையள் இல்லை.

எங்க சந்திச்சதோ? சமையல் காஸுக்கு நிண்ட லைனில! அந்தக் கஷ்ட காலம், ஞாபகமிருக்கே, சிலிண்டரை உருட்டிக் கொண்டு போய் றோட்டில நாள் முழுக்க நிண்டது. எனக்கு முன்னால இவர் நிண்டவர். வெயிலில எனக்குத் தலை சுத்திச்சுது. போய் நிழலில இருங்கோ, உங்கட சிலிண்டரை நான் பார்க்கிறன் எண்டார். என்ர முறை வரேக்க காஸ் முடிஞ்சிடும் எண்டு பயந்தன். வந்து பார்த்தா, தன்ர இடத்தில என்ர சிலிண்டரை வைச்சிட்டுத் தான் பின்னால நிக்கிறார். அண்டைக்கு அவருக்குக் காஸ் கிடைக்கேல்லை. பிறகென்ன, சமைச்சுச் சாப்பாடு குடுக்காம விடேலுமே? அப்பிடித் துவங்கினது.

நான் இவ்வளவு கதைக்கிறன், அவர் அதிகம் கதைக்கவே மாட்டார். கேட்டா ஓம், இல்லாட்டி இல்லை. அதுதான் எங்களுக்குள்ள பொருத்தம் எண்டு சொல்லுறனான்.

மகளோ? ஹம்சிகா. ரொறொன்ரோவில.

அவள் வரேல்லை. முகம் பார்த்துச் சொல்லோணும் எண்டு வீடியோவில எடுத்துத்தான் சொன்னனான். லைன்தான் விட்டுப் போச்சாக்கும் எண்டு நான் ஹலோ ஹலோ எண்டுறன். பிறகு, உங்கட விருப்பம் அம்மா எண்டு சொல்லி வைச்சிட்டாள். அதுக்குப் பிறகு நான் அவளின்ர குரல் கேட்டதில்லை. பொங்கலுக்கு நான் வாழ்த்து அனுப்பினா, சேம் ரு யூ எண்டு வரும். பிறந்த நாளுக்குக் கேக் படம் ஒண்டு. அவளில பிழை சொல்ல மாட்டன். தகப்பனில உயிரா இருந்தவள். ஆனா ஒவ்வொரு பின்னேரமும் ஃபோனைப் பார்த்துக் கொண்டிருந்தனான் பிள்ளை.

இல்லை இல்லை, அழேல்லை. சிரிச்சுச் சிரிச்சு வந்த தண்ணி இது. கேளுங்கோ முழுக்க.

முந்தநாள் ஒரு கோல் வருது. தளபாடக் கடையில இருந்து ஒரு பிள்ளை, நதீஷாவாம். மிஸ், உங்கட கிங் சைஸ் கட்டில் ரெடி, எப்ப கொண்டு வாறது எண்டுறாள். பிள்ளை, நம்பர் மாறிப் போச்சு, நான் ஒரு கட்டிலும் ஓடர் பண்ணேல்லை எண்டன். இல்லை மிஸ், கனடாவில இருந்து உங்கட மகள் ஓடர் பண்ணினவ எண்டாள்.

நான் நிலத்தில இருந்திட்டன். குசினி வாசலில, அப்பிடியே.

அது மட்டுமில்லை. அந்தப் பிள்ளை சொல்லுறாள், மிஸ், உங்கட மகள் மூண்டு தரம் எடுத்துக் கதைச்சவ, உயரம் குறைஞ்ச கட்டில்தான் வேணும், அங்கிளுக்கு வலது முழங்கால் ஏலாது, எழும்பேக்க கஷ்டப்படுவார் எண்டு சொன்னவ எண்டு.

முழங்கால் நோ இவருக்கு இந்த வருசம் துவங்கினது பிள்ளை. நான் ஹம்சிக்கு அதைப் பற்றி மூச்சு விடேல்லை. எப்பிடி விடுறது, அவள்தான் கதைக்கிறதில்லையே. வலது கால் எண்டும் தெரிஞ்சிருக்கு.

பின்னேரத்தில கடற்கரைப் பக்கம் நடக்கப் போறன் எண்டு இவர் ஃபோனையும் கொண்டு போறவர். முழங்கால் ஏலாத மனிசன் ஒவ்வொரு நாளும் அப்பிடி என்ன நடை எண்டு எனக்கு ஒருக்காலும் யோசனை வரேல்லை, பாருங்கோவன். மாசக்கணக்கா அவளோட கதை! வீட்டில ஓம், இல்லை எண்டு ரெண்டு சொல்லுக்கு மேல கதைக்காத மனிசன்!

இல்லை, அவரிட்ட நான் கேக்கேல்லை. அவருக்குப் பொய் சொல்ல வராது, கேட்டா அந்தரப்பட்டுப் போவார். அவையள் ரெண்டு பேருமாத் துவங்கினது, அவையளே சொல்லட்டும். கடையில பரிசு ஏதோ விழுந்திருக்கு எண்டு அவருக்குச் சொன்னன். அவரும், ஓ அப்பிடியோ எண்டு கேட்டுக் கொண்டிருந்தார். முகத்தைப் பார்க்க வேணுமே!

ஆ, சத்தம் கேக்குதோ? லொறிதான். அந்தா, வரட்டும் வரட்டும் எண்டு கையைக் காட்டிக் கொண்டு முன்னால நடந்து வாறார். நான் இறங்கிறன் பிள்ளை. இறக்கி ஏத்தினாப் பிறகு நீங்களும் மேல வாங்கோ, தேத்தண்ணி குடிக்கலாம்.

ஒண்டே ஒண்டுதான் எனக்குத் தெரியோணும். கடைக்காரப் பிள்ளைக்கு அங்கிள் எண்டு சொல்லியிருக்கிறாள், அது வெளியாக்களுக்கு. அவரோட கதைக்கேக்க ஹம்சி அவரை என்னெண்டு கூப்பிடுறாள்? அதை மட்டும் ஒருநாளைக்கு ஒளிச்சு நிண்டு கேக்கப் போறன்.