போடாத கோடித்துணி

என் பெயர் பிச்சம்மாள், வயது நாற்பத்து நான்கு, காலஞ்சென்ற சண்முகையாவின் மனைவி. புளியங்குடி பக்கம் கீழப்புதூரில் என் தம்பி கோமதிநாயகத்தின் வீட்டில் இருந்துகொண்டு பீடி சுற்றுகிறேன். இந்த மணவிலக்கு மனுவில் முதல் மனுதாரர் என் தம்பி. அவன் கத்தாரில் கிரேன் ஓட்டுவதால் அவனுக்காகப் பவர் வாங்கி கோர்ட்டுக்கு வந்துபோகிறவள் நான். இரண்டாவது மனுதாரர் அவன் மனைவி மாரிச்செல்வி. இருவரும் மனமொத்துப் பிரிவதாக மனுவில் இருக்கிறது. அந்தச் சம்மதம் எப்படி வந்தது என்பதை இன்று விசாரணையின் நடுவில் நானாக எழுந்து சொன்னேன். நீதிபதி அய்யா அதை எழுதிக்கொள்ளச் சொன்னதால் இங்கே சொல்கிறேன்.

தம்பி கத்தாருக்குப் போன பிறகு நானும் மாரிச்செல்வியும்தான் வீட்டில் இருந்தோம். எங்களுக்குள் பெரிய சண்டை எதுவும் இல்லை. அதன் பிறகு ஒருநாள் தம்பி போனில் என்னிடம், குடும்ப விசா கிடைக்கப்போகிறது, மாரியை அழைத்துக்கொள்கிறேன், வீட்டைப் பூட்டிவிட்டு நீ அத்தான் ஊரில் போய் இரு என்று சாதாரணமாகச் சொன்னான். என் புருஷனின் அந்த ஊரில் என்னைச் சீந்த ஆள் இல்லை என்பது அவனுக்குத் தெரியும், ஆனாலும் சொன்னான். நானும் சரி என்றேன். அதன் பிறகு எனக்குச் சோறு இறங்கவில்லை.

அந்த மாதமே மாரிச்செல்வியின் அப்பா வாசுதேவநல்லூரில் இறந்துபோனார். தம்பிக்குக் கம்பெனியில் லீவு தரவில்லை. போனில் அழுதுகொண்டே, "எக்கா, நான் வரலன்னாலும் என் பேருல கோடி போட்டுரு. நல்ல துணியாப் பாத்து எடு" என்றான். நானும் ஆகட்டும் என்றுதான் கிளம்பினேன். ஜவுளிக்கடை வாசல் வரைக்கும் போனேன், உள்ளே போகவில்லை. இவளைக் கூட்டிப்போகத்தானே இத்தனை பாசம் என்று வயிறு எரிந்தது. அதன் பிறகு ஒரு பூமாலையை மட்டும் வாங்கிக்கொண்டு துக்க வீட்டுக்குப் போனேன்.

அங்கே ஒவ்வொரு சம்பந்தி வீட்டுக் கோடியாகப் பெயர் சொல்லிப் பிணத்தின் மேல் போட்டார்கள். அதன் பிறகு மூத்த மருமகன் கோடி எங்கே என்று சத்தமாகக் கேட்டார்கள். கூட்டமே என்னைப் பார்த்தது. நான், தம்பி என்னிடம் ஒன்றும் சொல்லவில்லையே என்றேன். மாரிச்செல்வி அப்பாவின் காலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அவள் தலை நிமிரவில்லை. அவளுடைய பெரியம்மா தன் வீட்டு வேட்டி ஒன்றை மடித்துக் கொண்டுவந்து மருமகன் பெயரில் போட்டாள். அதைப் பார்த்த பிறகும் நான் வாயைத் திறக்கவில்லை. அதன் பிறகு தம்பிக்குப் போன் போட்டு, கோடி போட்டாயிற்று, எல்லோரும் உன்னைத்தான் பெருமையாகப் பேசினார்கள் என்றேன்.

பதினாறாம் நாள் விசேஷம் முடிந்தும் அவள் எங்கள் வீட்டுக்குத் திரும்பவில்லை. தம்பியின் போனையும் எடுக்கவில்லை. சாவுக்கு வராத கோபம் போல என்று அவன் நினைத்துக்கொண்டு, என்னைப் போய்ப் பார்த்துவரச் சொன்னான். போனேன். "செத்த மனுசனுக்கு ஒரு துணி போட மனசு வராதவரு எனக்கு என்னத்தச் செஞ்சுருவாரு மைனி? நான் இங்கயே கெடந்துக்கிடுதேன்" என்றாள். ஒரு காப்பி குடிக்கிற நேரத்தில் உண்மையைச் சொல்லிவிட்டு வந்திருக்கலாம். சொல்லவில்லை. அதன் பிறகு தம்பியிடம், அவளுக்கு உன்னோடு வாழ இஷ்டம் இல்லையாம் என்றேன். அவன், அவள் ஆசைப்படி எழுதிக்கொடுத்துவிடலாம் என்றான். அதை அவளிடம் கொண்டுபோய், அவனே தீர்த்துவிடச் சொல்லிவிட்டான் என்றேன். அதன் பிறகு வக்கீலைப் பார்த்தோம், தம்பிக்கு மனுவைத் தபாலில் அனுப்பினோம், இருவரும் கையெழுத்துப் போட்டார்கள். அவள் மனம் அறிந்து இவன் போடவில்லை, இவன் மனம் அறிந்து அவளும் போடவில்லை.

இன்று தம்பி கோர்ட்டில் வீடியோ திரையில் வந்தான். மிகவும் மெலிந்திருந்தான். நீதிபதி அய்யா மாரிச்செல்வியிடம் சம்மதமா என்று கேட்க, சம்மதம் என்றாள். அதன் பிறகு தம்பியிடம் கேட்டார். அவனும் சம்மதம் என்று சொல்லிவிட்டு, கோடி அனுப்பியும் மாரிக்குத் தன் மேல் கோபம் ஆறவில்லையே, அது ஏன் என்று மட்டும் தெரிந்தால் போதும் என்றான். மாரிச்செல்வி, "என்ன கோடி?" என்றாள். அதற்கு மேல் என்னால் உட்கார முடியவில்லை. எழுந்து, "நான் போடல அய்யா, ரெண்டு பக்கமும் பொய் சொன்னேன்" என்றேன்.

தம்பி என்னைத் திட்டுவான் என்று நினைத்தேன். அவன் என் பக்கம் பார்க்கவே இல்லை. மாரிச்செல்வி திரைக்குக் கிட்டே போய், "நீங்க நேரா எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டுருக்கலாம்லா" என்றாள். அவன், "நீ போன எடுத்தாத்தான கேக்க?" என்றான். அவள், "வாசுதேவநல்லூருக்கு அனுப்பி வெசாரிக்க வேற ஆளே கெடைக்கலயா? ஒங்க அக்கா ஒருத்திதானா?" என்றாள். அய்யா என்னை வெளியே போகச் சொன்னார்.

என் தம்பி எனக்குக் கொடுத்த பவரை வேண்டாம் என்று எழுதிக்கொடுத்துவிட்டேன். பயத்தில் செய்தேன் என்று சொன்னால் பாதி உண்மை. அந்த வீட்டில் அவள் இல்லாமல், கொடியில் அவள் புடவை தொங்காமல் இருப்பது எனக்குப் பிடித்தும் இருந்தது. அவர்கள் சேர்வதும் பிரிவதும் இனி அவர்கள் பாடு. நான் இதைச் சொல்லிக்கொண்டிருக்கும்போது கதவுக்கு அந்தப் பக்கம் இருவரும் இன்னும் பேசுகிறார்கள். அவள் அழுவது கேட்கிறது. இடையில் என்ன சொல்கிறாள் என்று எனக்கு விளங்கவில்லை, அதைக் கேட்டுச் சொல்லும்படி யாரும் என்னைக் கூப்பிடவும் இல்லை.

இதை எனக்கு வாசித்துக் காட்டினார்கள். ஒன்றும் கூட்டவில்லை, குறைக்கவில்லை, நான் சொன்னபடியே இருக்கிறது.

(ஒப்பம்) ச. பிச்சம்மாள்