எமன் தங்கச்சி

நான் இதன் தலைப்பில் குறித்துள்ள விலாசத்தில் என் கணவருடன் குடியிருந்து வருகிறேன். எனக்கு வயது முப்பத்து நான்கு. மூக்குக்கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்த்துப் பிரேமில் பொருத்தும் வேலை செய்கிறேன். என் கணவர் லிஃப்ட் மெக்கானிக். இந்த வழக்கில் இறந்துபோனவள் என் கணவரின் ஒரே தங்கை, எனக்கு நாத்தனார். பார்சல் கிடங்கில் பெட்டிகளை ஊர்வாரியாகப் பிரிக்கும் வேலையில் இருந்தாள். எனக்குக் கல்யாணமான நாளிலிருந்து எங்களுடன் ஒரே வீட்டில்தான் இருந்தாள்.

சென்ற வருடம் அவள் தன் செல்போனில் ஒரு விளையாட்டை ஏற்றி, என் போனிலும் ஏற்றிக் கொடுத்தாள். நாலு பேர் கூட்டாக ஒரு தீவில் குதித்து, எதிரிகளைச் சுட்டு, கடைசிவரை உயிரோடு நிற்க வேண்டிய விளையாட்டு அது. ஆட வருகிறவர்கள் தங்களுக்கு ஒரு பெயர் வைத்துக்கொள்ள வேண்டும் என்று போன் கேட்டது. உன் பெயரையே போடேன் என்று நான் சொன்னதற்கு, "சொந்தப் பேரு சம்பளம் வாங்குறதுக்கு, அண்ணி. இந்தப் பேரைப் பார்த்தா எதிரி சிரிக்கணும், சிரிச்சு முடிக்கிறதுக்குள்ள செத்துடணும்" என்றாள். சுட்டி மகாராணி, வாயாடி வேங்கை என்று என்னென்னவோ அடித்துப் பார்த்தாள். எல்லாம் ஏற்கெனவே யாரோ எடுத்துக்கொண்ட பெயர்கள். பின்னால் ஒரு எண்ணைச் சேர்த்துக்கொள்ளும்படி போன் யோசனை சொன்னது. பேருக்கு வால் வேண்டாம் என்று அதை மறுத்துவிட்டாள்.

அந்த நேரத்தில் என் கணவர் உள்ளே வந்து, மணி என்ன ஆகிறது, இன்னும் சாப்பாடு எடுத்து வைக்கவில்லையா என்று கேட்டார். அவர் நேரம் தவறாதவர். தங்கை வேலை முடிந்து வரக் கொஞ்சம் தாமதித்தாலும் வாசலில் போய் நின்றுவிடுவார். அவர் கையலம்பப் போன பிறகு அவள் என்னிடம், "எமன்கூட முன்னப்பின்ன வருவான், அண்ணி. எங்க அண்ணன் வர மாட்டாரு" என்றாள். சொன்ன கையோடு எமன் தங்கச்சி என்று போனில் அடித்தாள். அந்தப் பெயர் யாரிடமும் இல்லை, கிடைத்துவிட்டது. அதன் பிறகு என் போனைப் பிடுங்கி எனக்கு எமன் பொண்டாட்டி என்று வைத்தாள். சாப்பிடும்போது என் கணவரிடம் காட்டினோம். அவர் ஒரு பார்வை பார்த்துவிட்டு ரசம் கேட்டார். ஆனால் மறுவாரம் அவருடன் வேலை செய்கிறவர்கள் வீட்டுக்கு வந்தபோது, நான்தான் எமன் என்று தாமாகவே சொல்லிச் சிரித்தார். இன்டர்நெட்டில் படம் போடும் பக்கங்களிலும் அவள் அந்தப் பெயரையே வைத்துக்கொண்டாள். கிடங்கிலும் அவளை அப்படித்தான் கூப்பிட்டார்கள்.

சம்பவத்தன்று பொழுது சாய்ந்தும் அவள் வரவில்லை. சமைத்து வைத்துவிட்டு நான் அவளுக்குப் போன் செய்தேன். மணி அடித்து ஓய்ந்தது. உடனே மறுபடியும் செய்தேன். அதுவும் அடித்துக்கொண்டே இருந்து பாதியில் அறுந்தது. அதன் பிறகு போன் அணைந்திருப்பதாகச் சொன்னது. கிடங்குக்குப் பின்னால் உள்ள வளைவில் ஏதோ வண்டி மோதி அவள் கிடந்ததை அந்த வழியாக நடந்து போனவர்கள் வெகுநேரம் கழித்துப் பார்த்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போயிருக்கிறார்கள். நாங்கள் போய்ச் சேர்ந்தபோது உயிர் இல்லை. கொஞ்சம் முன்னதாகக் கொண்டு வந்திருந்தால் பார்த்திருக்கலாம் என்று டாக்டர் என் கணவரிடம் சொன்னதை நானும் கேட்டேன். மோதிய வண்டி எது என்று தெரியவில்லை. அவளுடைய போனும் கிடைக்கவில்லை.

அதன் பிறகும் என் கணவர் தினமும் அவள் வரும் நேரத்துக்கு வாசலுக்குப் போய் நிற்பார். சற்று நேரம் நின்றுவிட்டு, என்னைப் பார்க்காமல் உள்ளே வந்து படுத்துவிடுவார். ஒரு தடவை மட்டும், "எமன்னு கூப்பிட்டா. நானும் வாயை மூடிக்கிட்டு இருக்காம, ஆமான்னு ஊரெல்லாம் சொன்னேன்" என்றார். அவருக்கு நான் ஆறுதலாக என்ன சொன்னேன் என்று இப்போது நினைவில்லை.

சில வாரங்கள் சென்று, ஒரு நாள் கடையில் மதியச் சாப்பாட்டு நேரத்தில் அந்த விளையாட்டைத் திறந்தேன். போனிலிருந்து அதை எடுத்துவிடலாம் என்றுதான் திறந்தேன். எமன் தங்கச்சி என்ற பெயருக்குப் பக்கத்தில் பச்சைப் புள்ளி எரிந்துகொண்டிருந்தது. ஆள் ஆட்டத்தில் இருந்தால்தான் அந்தப் புள்ளி எரியும். நான் ஆட்டத்துக்கு அழைத்தேன், வந்தது. மஞ்சள் பூட்ஸும் தலையில் கவிழ்த்த வாளியுமாக, அவள் அலங்கரித்து வைத்திருந்த அதே உருவம். தீவில் குதித்ததும் அது ஓடவும் இல்லை, சுடவும் இல்லை, நின்ற இடத்திலேயே நின்றது. யாரோ என்னைச் சுட்டு வீழ்த்தியதும் மெல்ல நடந்து வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தது. என் நாத்தனாராக இருந்தால் விழுந்து கிடக்கும் என்னிடமிருந்து துப்பாக்கியைச் சுருட்டிக்கொண்டு ஓடியிருப்பாள். ஆகவே ஆடுவது அவள் இல்லை என்று எனக்கு உறுதியாயிற்று. அன்று மாலை தேய்த்த லென்ஸ்கள் எல்லாம் அளவு தவறிப் போயின.

வீட்டுக்குப் போய் என் கணவரிடம் காட்டி, போலீஸில் சொல்லிவிடலாம் என்றேன். அவர் அந்தப் புள்ளியையே பார்த்துக்கொண்டிருந்தார். "யாரா வேணா இருக்கட்டும். அணைச்சுடாதே" என்றார். அதன் பிறகு வாசலில் போய் நிற்பதை விட்டுவிட்டு என் போனை வாங்கி வைத்துக்கொண்டு உட்காரத் தொடங்கினார். நான் தகவல் சொல்லத் தாமதித்ததற்கு இதுதான் காரணம், வேறு உள்நோக்கம் இல்லை.

பிறகு ஒரு நாள் அந்தப் பெயரிலிருந்து எனக்கு எழுத்தில் செய்தி வந்தது. நீங்கள் அவருக்கு என்ன உறவு என்று கேட்டிருந்தது. அண்ணி என்று பதில் போட்டேன். நெடுநேரம் கழித்து, "அவங்க உண்மையான பேரு என்னங்க?" என்று வந்தது. போனைத் திருடியவன் பெயர் கேட்க மாட்டான். அவள் போனைக் கையில் வைத்துக்கொண்டு அவள் பெயரைக் கேட்கிறவன் வண்டியை மோதியவனாகத்தான் இருக்க முடியும் என்பது எனக்கு அப்போது விளங்கிவிட்டது. என் கணவரிடம் சொல்லாமல் நேரே இந்தக் காவல் நிலையத்துக்கு வந்து அதிகாரியிடம் போனைக் காட்டினேன். அவர் சொன்னபடி, நேரில் வந்தால் பெயரைச் சொல்கிறேன் என்று எழுதி, கடையின் விலாசத்தைக் கொடுத்தேன்.

மறுநாள் மதியம் நடுத்தர வயதுள்ள ஒருவர் தொப்பியைக் கையில் பிடித்தபடி கடைக்குள் வந்தார். கண் பரிசோதிக்க வந்தவர் என்று நினைத்து உட்காரச் சொன்னேன். அவர் உட்காரவில்லை. என் நாத்தனாரின் போனை எடுத்துக் கண்ணாடிப் பெட்டி மேல் வைத்து, "எமன் பொண்டாட்டிங்கிறது நீங்கதானே?" என்று கேட்டார். வாடிக்கையாளர்கள் போல் உட்கார்ந்திருந்த இரண்டு காவலர்களும் கேட்டுக்கொண்டிருக்க, அவராகவே சொன்னார். குடிநீர் கேன் வண்டி ஓட்டுகிறவர் என்றும், வளைவில் பிரேக் பிடிப்பதற்குள் மோதிவிட்டது என்றும் சொன்னார். பிறகு, "தூக்கத்தான் இறங்கினேன். மூச்சு இருந்துச்சு. பக்கத்துல போன் அடிச்சுது. எமன் பொண்டாட்டி கூப்பிடுறான்னு அதுல இருந்துச்சு. அதுக்கப்புறம் எனக்குக் கை கால் வரலைம்மா" என்றார். ஓய்ந்த போன் மறுபடியும் அடித்ததால் அதை நிறுத்துவதற்காகவே எடுத்ததாகவும், எடுத்த போனோடு வண்டியில் ஏறி ஓடிவிட்டதாகவும், பிறகு சிம்மைக் கழற்றி எறிந்ததாகவும், போனை மட்டும் எறிய மனம் வராமல் வைத்திருந்து, அவள் யார் என்று தெரிந்துகொள்ளத் தன் போனிலிருந்து நெட் கொடுத்து அந்த விளையாட்டைத் திறந்ததாகவும் சொன்னார். போனுக்குப் பூட்டு இல்லை. பூட்டுப் போடும் பழக்கம் அவளுக்கு என்றுமே கிடையாது.

அந்த இரண்டு அழைப்பும் நான் செய்தவை. சாப்பாடு ஆறுகிறது என்று சொல்லத்தான் கூப்பிட்டேன். அவள் என் எண்ணை அந்தப் பெயரில் பதிந்து வைத்திருந்தது எனக்குத் தெரியும். எந்தப் பெயரைப் பார்த்திருந்தாலும் அவர் ஓடியிருப்பார் என்று காவலர் ஒருவர் என்னிடம் சொன்னார். இருக்கலாம். கைது செய்து கூட்டிப் போகும்போது, பெயரைச் சொல்வதாகச் சொன்னீர்களே என்று அந்த வண்டிக்காரர் கேட்டார். கோர்ட்டில் வாசிப்பார்கள், நின்று கேட்டுக்கொள்ளுங்கள் என்றேன்.

மோதியவர் நிற்காமல் ஓடிவிட்டார் என்பது மட்டும்தான் என் கணவருக்குத் தெரியும். இறங்கியதும், தூக்கக் குனிந்ததும், போன் அடித்ததும் அவருக்குத் தெரியாது. அந்தப் பகுதியை எழுதாமல் விட முடியுமா என்று அதிகாரியிடம் கேட்டேன். காவலர்கள் முன்னிலையில் சொல்லப்பட்டதை விட முடியாது என்றார். சரி என்று ஒப்புக்கொண்டேன்.

எழுதி முடித்த பின் இதை முழுவதும் எனக்கு வாசித்துக் காட்டினார்கள். கதவுக்கு வெளியே பெஞ்சில் என் கணவர் உட்கார்ந்திருப்பதால் அந்தப் பகுதி வந்தபோது மட்டும் குரலைத் தாழ்த்தி வாசிக்கும்படி கேட்டுக்கொண்டேன், அப்படியே செய்தார்கள். நான் சொன்னது சொன்னபடியே இருக்கிறது. கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. அனைத்தும் உண்மை என்று தெரிந்தே என் கையெழுத்தை இடுகிறேன்.

(ஒப்பம்) சாட்சி
என் முன்னிலையில் பதிவு செய்யப்பட்டது: (ஒப்பம்) நிலைய அதிகாரி