சங்கத்துப் படகுக்கு ஆள் எடுத்த கதை

மேரிஜோசப்பின்: ...சிரிக்காதேங்கோ! கேட்டதுக்குப் பதிலைச் சொல்லுங்கோ. பிள்ளைக்குக் கிடைச்சுதோ, இல்லையோ?

பஸ்ரியாம்பிள்ளை: கொஞ்சம் பொறும். முதல்லை குடிக்கத் தண்ணி தாரும்.

மேரிஜோசப்பின்: தண்ணி குசினியிலை இருக்கு, பிறகு குடிக்கலாம். சொல்லுங்கோப்பா!

பஸ்ரியாம்பிள்ளை: கிடைச்சிட்டுது.

மேரிஜோசப்பின்: மாதாவே! உண்மையாவோ? சங்கத்தின்ர புதுப் படகு எங்கட றொஷானிக்கோ?

பஸ்ரியாம்பிள்ளை: படகு சங்கத்துக்கு. ஓட்டுற வேலை எங்கட மகளுக்கு. அவ்வளவு பெடியளுக்கை இவள் ஒருத்தி... முதலாவதா வந்தவள்!

மேரிஜோசப்பின்: நான் அப்பவே சொன்னனான்! ஆள் எடுக்கிற குழுவிலை தேப்பன் இருக்கேக்கை என்ன பயம்? எவ்வளவு புள்ளி போட்டனீங்கள்?

பஸ்ரியாம்பிள்ளை: ஒண்டும் போடேல்லை.

மேரிஜோசப்பின்: என்ன?

பஸ்ரியாம்பிள்ளை: எழும்பிட்டன். என்ர மகள் கேக்கிற வேலைக்கு நான் புள்ளி போடேலாது எண்டு சொல்லிப்போட்டு வெளியிலை வந்திட்டன்.

மேரிஜோசப்பின்: உங்களுக்கென்ன விசரோ! தலைவர் தம்பிஐயா தன்ர பெறாமகனுக்கு, கூடப்பிறந்தவற்றை மகன் அந்த மிதுஷனுக்கு, அள்ளியெல்லோ போட்டிருப்பார்!

பஸ்ரியாம்பிள்ளை: அதுதான் பகிடி. நான் எழும்ப எல்லாரும் அந்தாளைத்தான் பாத்தினம். அண்டைக்கு அவற்றை முகத்தைப் பாத்திருக்க வேணும் நீர்... கதிரையை இறுக்கிப் பிடிச்சுக்கொண்டு இருந்தார். பிறகு அவரும் எழும்பிட்டார்!

மேரிஜோசப்பின்: அண்டைக்கோ? எண்டைக்கு?

பஸ்ரியாம்பிள்ளை: இண்டைக்கு... சந்தோசத்திலை வாய் தடுமாறுது, விடுமன்.

மேரிஜோசப்பின்: அப்ப ஆர் தான் பாத்தது?

பஸ்ரியாம்பிள்ளை: யாழ்ப்பாணத்திலையிருந்து அஜந்தா எண்டு ஒரு அதிகாரி, அவவோடை ரெண்டு பேர். எங்களிலை ஆர் ஆருக்குச் சொந்தமெண்டே தெரியாத ஆக்கள்.

மேரிஜோசப்பின்: எங்கட ஆக்கள் ஒருத்தருமில்லாமல் எப்பிடியப்பா கிடைச்சது?

பஸ்ரியாம்பிள்ளை: இதென்ன கேள்வி? ஓட்டினவள், கிடைச்சது! ஊர்காவற்றுறை இறங்குதுறை ஜெட்டியிலை சோழகக் காத்து ஆளைத் தூக்குது. மிதுஷன் வந்த வேகத்திலை படார் எண்டு இடிச்சான். ஜெட்டியிலை கட்டியிருந்த டயர் அறுந்து கடலுக்கை!

மேரிஜோசப்பின்: ஐயோ... இவள்?

பஸ்ரியாம்பிள்ளை: இவள் கிட்ட வந்து எஞ்சினைத் தணிச்சிட்டு... சும்மா நிக்கிறாள். ‘திருப்படி பிள்ளை!’ எண்டு கத்த வாயெடுத்தன்...

மேரிஜோசப்பின்: கத்தினீங்களோ?

பஸ்ரியாம்பிள்ளை: வாயைப் பொத்திக்கொண்டு நிண்டன். காத்தே படகைத் தள்ளிக்கொண்டு வருது. இவள் சுக்கானைக் கொஞ்சம் அசைச்சாள்... அவ்வளவுதான். பூப்போலை வந்து அணைஞ்சுது! முதல் கைதட்டினது ஆர் தெரியுமோ? மிதுஷன்!

மேரிஜோசப்பின்: என்ர பிள்ளை... என்ர பிள்ளை! ஏனப்பா, அந்த ஜோர்ஜ் மாஸ்டரும் குழுவிலை இருந்தவரெல்லோ? அவரும் இண்டைக்கு இல்லையோ?

பஸ்ரியாம்பிள்ளை: இல்லை. ஏன் அவரைக் கேக்கிறீர்?

மேரிஜோசப்பின்: சும்மா...

பஸ்ரியாம்பிள்ளை: சும்மாவோ?

மேரிஜோசப்பின்: அப்பிடிப் பாக்காதேங்கோ. ஒரு கூடை நண்டுதான்... அவற்றை மனுசியிட்டைக் குடுத்தனான். வேறையொண்டும் கேக்கேல்லை. பிள்ளையின்ர பேரை மட்டும் சொன்னனான்.

பஸ்ரியாம்பிள்ளை: தெரியும்.

மேரிஜோசப்பின்: தெரியுமோ! ஆர் சொன்னது?

பஸ்ரியாம்பிள்ளை: அந்தா, படலையைத் திறக்கிறாள். அவளிட்டையே கேளும்.

றொஷானி: அம்மா! அப்பா சொல்லிட்டாரோ? நான் சொல்லவெண்டெல்லோ ஓடி வந்தனான்!

மேரிஜோசப்பின்: வா, என்ர ராசாத்தி, வா! கையைப் பார், கயிறு பிடிச்சுச் சிவந்து போச்சு... பிள்ளை, நண்டுக் கதை உனக்குத் தெரியுமோ? இவருக்கு ஆர் சொன்னது?

றொஷானி: நான்தான் அம்மா. போன கிழமை காத்தெண்டு தேர்வைப் பிற்போட்டவை எண்டு உங்களுக்குச் சொன்னது பொய். அண்டைக்கும் ஓட்டினனான். அண்டைக்கும் நான்தான் முதல். இறங்கி வரேக்கை ஜோர்ஜ் மாஸ்டர், ‘நண்டு நல்ல சதை எண்டு கொம்மாவிட்டைச் சொல்லு பிள்ளை’ எண்டு சிரிச்சார்... எனக்குக் கூசிப்போச்சு. எல்லாருக்கும் முன்னாலை, இது செல்லாது, வெளி ஆக்களை வைச்சுத் திரும்ப எல்லாரையும் ஓட்ட விடுங்கோ எண்டு கேட்டனான். அதைக் கேட்டுத்தான் அப்பா குழுவிலையிருந்து எழும்பினவர். அப்பாவை உங்களுக்குச் சொல்லவேண்டாமெண்டு மறிச்சதும் நான்தான்... இண்டைக்குத் தோத்திருந்தா, ஒரு கூடை நண்டாலை பிள்ளையின்ர வேலை போச்சுதெண்டு நீங்கள் அழுதுகொண்டே இருந்திருப்பியள்.