ஓரத்து ஜூனிப்பருக்கு மட்டும் உரம்

இல்லண்ணே, பூச்சியெல்லாம் இல்ல. பூச்சின்னா பதினோரு செடியிலயும் இருக்கணுமில்ல? மத்த பத்தும் கம்பளம் விரிச்ச மாதிரி சரிவு முழுக்கப் பச்சையா படுத்திருக்கு, பாருங்க. இந்த ஓரத்து ஜூனிப்பர் மட்டும்தான் துருப்பிடிச்ச கம்பியா ஆயிடுச்சு. நீங்க மொதல்ல உக்காருங்க. உறை போட்ட கார் பக்கத்துல நிழல் இருக்கு. நர்சரியிலருந்து பஸ்ல வந்து, இந்த மேடும் ஏறியிருக்கீங்க. தண்ணி குடிங்க. செடி எங்க ஓடப் போவுது?

ஐயோ, கிளையத் தூக்காதீங்க! அடியில வந்து... எறும்பு. கடிச்சா தடிச்சிடும்.

நாயா? அதையேதான் எங்க வீட்டுக்காரரும் சொன்னாரு, ஏதோ நாய் வந்து அசிங்கம் பண்ணுதுன்னு. மூணு நாள் சாயங்காலம் கம்போட காவல் நின்னாரு. ஒரே ஒரு நாய் வந்துச்சு. அவரைப் பாத்துச்சு, செடியப் பாத்துச்சு, பாவப்பட்டுப் போயிடுச்சு.

உரமா? வெச்சேனே. நீங்க சொன்னபடிதான் வெச்சேன். நட்டுக் குடுத்தப்ப நீங்க சொன்னது அப்படியே மனப்பாடம். குளிர் விட்டதும், வருஷத்துக்கு ஒரு தடவ, அரைப்பிடி குருணை உரம். தண்டுகிட்ட போடக் கூடாது, கிளை நுனிக்கு நேரா சுத்தித் தூவி தண்ணி ஊத்தணும். சரிதானே? நான் எட்டாவதோட நின்னவ, ஆனா காதுல விழுந்தது மறக்காது. பத்துச் செடிக்கும் அப்படியேதான் போட்டேன்.

பதினொண்ணாவதுக்கா? அதுக்கும் ஒரு தடவதான்.

வாரத்துக்கு.

அப்படிப் பாக்காதீங்கண்ணே. சீக்கிரம் படரட்டுமேன்னு ஒரு ஆசைதான். அரைப்பிடி ஒரு பிடியாச்சு. ஒரு பிடி போட்டுட்டு உள்ள போனா, பத்தலையோன்னு தோணும், திரும்ப வந்து இன்னொண்ணு. தையல் டேப்ப எடுத்துட்டு வந்து தினம் காலைல அளப்பேன். ஒரு மாசத்துல வளந்தது முக்கால் இஞ்சு. எனக்கு வேண்டியது பன்னெண்டு இஞ்சு.

எதுக்குப் பன்னெண்டா? சும்மா ஒரு கணக்கு.

அட, முழுப் பழியும் என் தலையில கட்டாதீங்க. நுனி பழுக்க ஆரம்பிச்சதும் அவரு என்ன நெனச்சாரு? ஊட்டம் பத்தலன்னு நெனச்சாரு. நான் காலைல போட்டுட்டு வந்தா, அவரு சாயங்காலம் எனக்குத் தெரியாம ஒரு பிடி. மூட்டை ஏன் இவ்வளவு சீக்கிரம் காலியாவுதுன்னு ரெண்டு பேருமே வாயத் தொறக்கல. போன வாரம்தான் கையும் களவுமா பாத்தேன். செடியத் தடவிக் குடுத்து, சாப்புடுடா கண்ணுங்கிறாரு. கல்யாணமாகி இருபத்தாறு வருஷத்துல எனக்கு அப்படி ஒரு வார்த்தை உண்டா?

என்னது, பிடுங்கிட்டுப் புதுசு வெக்கச் சொன்னாரா அவரு? இன்னிக்கேவா? வேணாண்ணே, வெள்ளிக்கிழமை வரைக்கும் தள்ளுங்க. தண்ணிய நல்லா ஊத்தி உர உப்பக் கரைச்சு விட்டா பொழைக்காதா? பொழைக்கலாமா? பாத்தீங்களா! மேல கெடக்கற குருணைய நானே வழிச்சுப் போடறேன், நீங்க கைய வெக்காதீங்க, எறும்பு...

தூக்கிட்டீங்களா. சரி, விடுங்க. எறும்பும் இல்ல ஒண்ணும் இல்ல.

ஆமா, லைட்டுதான். காருக்குப் பின்னாடி இருக்குமே செவப்பு லைட்டு, அதோட உடைஞ்ச துண்டு. குப்பையில போட்டா அவரு கண்ணுல படும்னு அங்க சொருகினேன். இடிச்ச அன்னிக்கே மெக்கானிக் புதுசு மாட்டிக் குடுத்துட்டாரு, காரு புதுப்பொண்ணு மாதிரி இருக்கு. இந்தத் தடுப்புக் கல்லுதான் ரெண்டு பேந்து, ஒரு அடிக்கு வாயப் பொளந்துகிட்டு நிக்குது. செடி படந்தா மூடிக்குமேன்னு பாத்தேன். அது என்னடான்னா இருக்கற எலையையும் கொட்டிட்டு என்னக் காட்டிக் குடுக்கப் பாக்குது.

வேற யாரு ஓட்டுவா? நான்தான். அவரு ஆபீஸ் வேன்ல போயிடுவாரு, காரு வாரம் பூரா தூங்கும். பக்கத்து வீட்டு நர்ஸம்மா பகல்ல கத்துக் குடுக்கறாங்க. ஒனக்கு சைக்கிளே நேராப் போவாதுன்னு சொந்தக்காரங்க அத்தன பேரு முன்னாடி சிரிச்சாரு, அன்னிக்கு வந்த ரோஷம். வெள்ளிக்கிழமை காலைல டெஸ்ட்டு. பாஸாயிட்டா லைசென்ஸக் கையில வெச்சுக்கிட்டு நானே எல்லாத்தையும் சொல்லிடுவேன். அதுக்கு முன்ன தெரிஞ்சுதுன்னா, சாவிய இடுப்புல முடிஞ்சுக்குவாரு, அவ்வளவுதான்.

நீங்க பொய் சொல்ல வேணாம். உரம் அதிகமாயிடுச்சு, ஒரு வாரம் தண்ணி ஊத்திப் பாப்போம்னு அவருக்குப் போனப் போடுங்க. யாரு போட்டதுன்னு கேட்டா, சாயங்காலம் போடறதுதான் செடிக்கு ஆகலன்னு சொல்லுங்க. அப்புறம் அவரு மேற்கொண்டு ஒரு கேள்வி கேக்க மாட்டாரு.

சிரிக்கிறீங்க. அப்ப சொல்லுவீங்க. நல்லாருப்பீங்கண்ணே.

இந்த வெயில்ல பஸ் ஸ்டாப் வரைக்கும் நடந்தா போவீங்க? நல்லாருக்கு! இருங்க, உறையக் கழட்டிட்டு நர்ஸம்மாவையும் கூப்புடறேன், நானே கொண்டு போய் விடறேன். பயப்படாதீங்க, முன்னாடி போறதுல நான் கெட்டிக்காரி. ரிவர்ஸ் எடுக்கறப்ப மட்டும் நீங்க கொஞ்சம் அந்தப் பத்தாவது செடிகிட்ட நின்னு, இடிக்கற மாதிரி வந்தா ஒரு குரல் குடுங்க.