கூப்பிட்டால் வராத ராஜப்பா

நன்னிலம் கால்நடை மருந்தக ஆண்டு விழாவுக்குத் தலைமை தாங்கி, நான் எப்போது முடிப்பேன் என்று இப்போதே கடிகாரம் பார்க்கும் டாக்டர் பஞ்சநதம் அவர்களே, முன்வரிசையில் முறைத்தபடி வீற்றிருக்கும் என் மாமனார் அமிர்தலிங்கம் அவர்களே, ஆன்றோர்களே, அன்புத் தாய்மார்களே, அவர்தம் காலடியில் கட்டுண்டு கிடக்கும் வாலுள்ள வருங்காலங்களே, வணக்கம்.

நாயைப் பழக்குவது எப்படி என்று பேசப் பணித்திருக்கிறார்கள். எனக்கென்ன தகுதி? நான் வீட்டோடு மாப்பிள்ளை. 'வா' என்றால் வந்து, 'உட்கார்' என்றால் உட்கார்ந்து, 'இரு' என்றால் இருந்த ஜீவன்கள் அந்த வீட்டில் இரண்டு. ஒன்று நான், மற்றது ராஜப்பா. செம்பட்டை உடல், சிலிர்த்த காது, சொன்னதைக் கேட்கும் சொக்கத்தங்கம். அங்கே சிரிக்காதீர்கள் அம்மா, நாயைத்தான் சொன்னேன்.

அடித்தா பழக்கினேன்? இல்லை. அதட்டியா பழக்கினேன்? இல்லை. வந்தால் கருவாட்டுத் துண்டு. வராவிட்டால் வருத்தமான முகம். அவ்வளவுதான். 'ராஜப்பா' என்றால் போதும். வரப்பு தாண்டி, வாய்க்கால் தாண்டி, வந்து என் மார்பில் சேற்றுக்காலை வைப்பான்.

அப்போதுதான் வந்தது நில உச்சவரம்புச் சட்டம். அளவுக்கு மேல் இருந்தால் அது உபரி, அரசு எடுத்துக்கொள்ளும். ஊரில் சிலர் மருமகன் பெயரில் எழுதினார்கள். சிலர் மாண்டவர் பெயரில் எழுதினார்கள். என் மாமனாருக்கு மருமகன்மேல் நம்பிக்கை இல்லை. நாய்மேல் இருந்தது. வாய்க்காலுக்கு அக்கரை நிலம் முழுவதும் ராஜப்பா பெயருக்குப் போனது. தகப்பனார் பெயர், அமிர்தலிங்கம். முறைக்காதீங்க மாமா, நிலந்தான் போயிருச்சே.

விசாரணைக்கு அதிகாரி வருகிறார் என்றதும் மாமா என்னைத் தனியே அழைத்தார். "மாப்ள, அவரு பேரைப் படிக்கிறப்ப இது வாலாட்டிக்கிட்டுப் போயி நின்னா என் மானம் என்னாவுறது? கூப்புட்டா வரக் கூடாதுன்னு பழக்கிப்புடுங்க."

பழக்கினேன். 'ராஜப்பா' என்பேன், ஓடி வருவான், முகத்தைத் திருப்பிக்கொள்வேன். மறுபடி அழைப்பேன், மறுபடி வருவான், மறுபடி திருப்பிக்கொள்வேன். தயங்கினான். தவித்தான். ஒருநாள் படுத்தபடியே என்னைப் பார்த்தான். வரவில்லை. கருவாட்டை எடுத்துப்போய் வாயருகே வைத்தேன். தின்றான், வாலை ஆட்டவில்லை.

அதிகாரி வந்தார். "ராஜப்பாங்கறது யாருங்க?" திரும்பத் திரும்பக் கூப்பிட்டார். எங்கள் ராஜப்பா அசையவில்லை. "சிங்கப்பூர்ல இருக்கான்" என்றார் மாமா. "எத்தனை தடவ கூப்புட்டும் ஆளு வரலையே. அப்ப இது உபரி நிலந்தாங்க" என்றார் அவர். நாய் தேறியது, நிலம் போனது.

அந்த நிலம், அதில் ஆயுளெல்லாம் கூலிக்குச் சேறு மிதித்த அக்கரைக் காளியம்மாளுக்கும் அவர் வீட்டுக்காரருக்கும் கிடைத்தது. நியாயந்தான். பின்னாலேயே ராஜப்பாவும் போய்விட்டான். காளியம்மாள் அவனைப் பெயர் சொல்லி அழைப்பதில்லை. நாக்கைத் தட்டினால் பறந்து வருகிறான்.

நான்? மாலைதோறும் இக்கரையில் நிற்கிறேன். பெயர் சொல்லிப் பார்த்தேன். கை நீட்டிப் பார்த்தேன். கண் கலங்கியும் பார்த்தேன். காது அசைகிறது, கால் அசையவில்லை. என் மார்புச் சட்டையில் சேறு பட்டு எத்தனை நாளாகிறது, பெருமக்களே. வரப் பழக்குங்கள், இருக்கப் பழக்குங்கள், வரவே வேண்டாம் என்று மட்டும் பழக்கிவிடாதீர்கள். அது கற்றுக்கொண்டுவிடும்.

இக்கரையில் நின்று அக்கரை ஆட்களைக் கூப்பிட்டுத்தான் எங்கள் வீட்டுக்குப் பழக்கம், போய்ப் பழக்கமில்லை. கடைசி வரிசையில் நிற்கும் காளியம்மா, உங்களைத்தான் கேட்கிறேன். நாளைக்கு உங்க வாசலுக்கு நான் வரலாமா?

என்ன சொல்றீங்க? கேட்கவில்லை, கொஞ்சம் சத்தமாக.

"வாசல்ல என்னங்க, உள்ளயே வாங்க" என்கிறார்கள்.

இருந்து கேட்டவர்களுக்கும், எழுந்து போகாத மாமாவுக்கும் நன்றி கூறி, கைகூப்பி இறங்குகிறேன்.