அரக்கு வைத்த அறை

"உன் கையைத் தவிர வேற எந்தக் கை அங்க போகும்? வாயத் திறந்து சொல்லு!"

"சத்தியமா நான் தொடலண்ணா!"

"அப்ப அரக்கு தானா உடைஞ்சுக்கிச்சா?"

அண்ணனும் தங்கையும் இப்படிக் கத்திக்கொண்டிருந்தபோது நான் பக்கத்து வீட்டு வாசலில் துணி உலர்த்திக்கொண்டிருந்தேன். காய்ந்த துணியைத்தான் மறுபடியும் உலர்த்தினேன். உள்ளே போனால் பாதிதானே காதில் விழும்.

அண்ணன் மரக்கடைக்காரர். தங்கை ஆஸ்பத்திரி நர்ஸ். புருஷன் போனபின் சின்ன மகளோடு பிறந்த வீட்டுக்கே வந்துவிட்டவள். அப்பா விட்டுப்போன வீட்டில் தனக்கும் பாதி வேண்டும் என்று வழக்குப் போட்டாள். ஆளுக்கொரு பக்கம் இருந்தார்கள். நடு அறை யாருக்கு என்பதில்தான் இழுபறி. தீர்ப்பு வரும்வரை யாரும் அதற்குள் போகக் கூடாது என்றது கோர்ட்டு. அது அனுப்பிய வக்கீல் ஒருவர் வந்து, அறையைப் பூட்டி, பூட்டின்மேல் துணி சுற்றி, அரக்கு முத்திரை வைத்துவிட்டுப் போனார். அறையின் கதவு நர்ஸின் பக்கம் இருந்தது. அவளுக்கு வினையே அதுதான்.

அரக்கை உடைத்தது நான்.

பெரிய விஷயமில்லை. நர்ஸ் ராத்திரி டியூட்டி முடித்து வந்து, பகலில் மாத்திரை போட்டுக்கொண்டு தூங்குவாள். மகள் பள்ளிவிட்டு வந்தால் திறந்துவிட ஒரு சாவி என்னிடம் இருந்தது. அன்று தெருவில் சாக்கடைக்குப் பள்ளம் தோண்டிக்கொண்டிருந்தார்கள், சத்தத்தில் சுவரெல்லாம் அதிர்ந்தது. ஸ்க்ரூடிரைவரால் தாழ்ப்பாளைக் கழற்றினேன். இரண்டு குடும்பம் அடித்துக்கொள்கிற அறையில் அப்படி என்னதான் இருக்கிறது என்று பார்க்க வேண்டாமா? ஒரு கட்டில், கால் உடைந்த நாற்காலி, நின்றுபோன கடிகாரம். எனக்கே கோபம் வந்தது. தாழ்ப்பாளைத் திரும்ப முடுக்கிவிட்டேன். கழற்றும்போது உடைந்த அரக்குதான் ஒட்டவில்லை.

அண்ணன் கோர்ட்டு அவமதிப்பு என்று மனுப் போட்டார். ஜெயில் என்ற சொல்லைக் கேட்டதிலிருந்து அவளுக்குச் சோறு இறங்கவில்லை.

"அக்கா, என்னை உள்ள வச்சுட்டா பாப்பாவை யாருக்கா பார்ப்பா?" என்று என் கையைப் பிடித்துக்கொண்டாள். மறு கையால் முந்தானையை இழுத்து, இடுப்பிலிருந்த அவள் வீட்டுச் சாவியை மறைத்தேன். விசாரணை என்று யாராவது சாவிவரை வந்துவிட்டால் என் கதி? நல்லவேளை, அவள் கவனிக்கவில்லை.

அப்போதுதான் கேட்டேன். சும்மா ஒரு பேச்சுக்கு.

"மாத்திரை போட்டுட்டுத் தூங்குறியே, தூக்கத்துல எழுந்து நடக்குற பழக்கம் ஏதும் உண்டாடி?"

"சின்ன வயசுல ஒரு தடவை நடந்தேன்னு அம்மா சொல்லும்," என்றாள்.

மறுநாள் விரல்களை என் முகத்துக்கு நேரே நீட்டினாள். நகக்கண்ணில் சிவப்பு. "அக்கா, இது அரக்கா?"

காயத்துக்குப் போடுகிற மருந்தின் கறை. ஒரு நர்ஸுக்குத் தெரியாததா? "இருக்கலாம்," என்றேன். பொய் சொல்லவில்லை பாருங்கள். இருக்கலாம் என்றுதான் சொன்னேன்.

அண்ணன் சமரசத்துக்கு வந்தார்: அவள் பாதியை விட்டுக்கொடுத்தால் மனுவை வாபஸ் வாங்கிக்கொள்வார். அவளுடைய வக்கீல் விளக்கினார்: "உடைஞ்சது கோர்ட்டு முத்திரை, அண்ணன் வாபஸ் வாங்கினா மட்டும் போதாது. செய்யல, ஆனாலும் மன்னிச்சிடுங்கன்னா ஜட்ஜ் ஏத்துக்க மாட்டாரும்மா. செஞ்சேன்னு ஒத்துக்கிட்டு மன்னிப்புக் கேக்கணும்."

அவள் தயங்கவே இல்லை. "நான்தான் உடைச்சேன்," என்று நீதிபதி முன்னால் தெளிவாகச் சொன்னாள். அண்ணனே அழுதுவிட்டார். கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்த எனக்கும் ஒரு நிமிஷம் அவள்தான் உடைத்தாள் என்றே பட்டது. மனசு எவ்வளவு லேசானது தெரியுமா?

தன் பாதியை அண்ணனுக்கு எழுதிக்கொடுத்தாள், வழக்கு முடிந்தது. அவள் வேறு ஊரில் ஓர் ஒற்றை அறைக்குக் குடிபோனாள். மகளைக் கூட்டிப்போகவில்லை, நாத்தனார் வீட்டில் விட்டுவிட்டாள். "தூக்கத்துல இந்தக் கை இன்னும் என்னவெல்லாம் செய்யுமோக்கா. புள்ளை பக்கத்துல படுக்குமே." தூங்கும்போது கையைக் கட்டிலோடு கட்டிக்கொள்ளத் துப்பட்டாவில் ஒரு முடிச்சுப் போட நான்தான் கற்றுக்கொடுத்தேன். வலிக்காது, ஆனால் அவிழாது. சொந்த அக்கா இருந்தால்கூட இவ்வளவு செய்திருப்பாளா?

மரக்கடைக்காரர் மகனுக்குக் கல்யாணம் ஆயிற்று. நடு அறையில் அவனும் புது மருமகளும். அவளும் வேலைக்குப் போகிறவள். போன வாரம் வீட்டுச் சாவியைக் கொண்டுவந்து கொடுத்தாள்: "பக்கத்துல நீங்க இருக்கீங்கங்கிற தைரியம்தாங்க்கா."

நல்ல பெண். பீரோவை மட்டும் எதற்குப் பூட்டி வைக்கிறாள் என்றுதான் தெரியவில்லை.