வாயத் திறக்காத டாக்குமெண்டரிக்காரன்

இல்லங்க மேடம், குடும்ப கவுன்சிலிங்னா மொதல்ல இதத்தான் கேப்பீங்கன்னு தெரியும், குடிக்கிற பழக்கமெல்லாம் கிடையாது. கை நீட்டுனதும் இல்ல. வெளியில பெஞ்சுல உக்காந்திருக்காளே என் பொண்டாட்டி, அவகிட்டயே கேட்டுப் பாருங்க. எனக்கு இருக்கிற ஒரே கெட்ட பழக்கம் டாக்குமெண்டரி எடுக்கிறது.

சினிமாவான்னா, சினிமா இல்ல. ஹீரோ கிடையாது, பாட்டு கிடையாது. பதினெட்டு வருஷத்துல ஆறு படம். தயாரிப்பு நான், எழுத்து நான், லைட்டு தூக்குறதும் நான்தான். சாக்கடை அடைப்பு எடுக்கிறவங்களப் பத்தி எடுத்ததுக்கு எங்கேயோ ஒரு விழாவுல விருதுகூட குடுத்தாங்க. இங்க போட்டுக் காட்டினப்ப மொத்தம் பதினோரு பேரு. அதுல ரெண்டு பேரு ஏசிக்காக வந்தவங்க. எங்க மாமியார் இன்னும், மாப்ள படம் எந்த தியேட்டர்ல ஓடுதுன்னுதான் விசாரிச்சுக்கிட்டிருக்காங்க.

அவளா? அவ ஒரு குறை சொன்னதில்ல மேடம். பேங்க்ல வேலை. லீவு போட்டுட்டு வந்து வெயில்ல எனக்குக் குடை பிடிப்பா. சண்ட போட்டிருந்தா சமாளிச்சிருப்பேன். இவ பேசாம பெட்டியக் கட்டிட்டா. அவ திரும்பி வரணும், அவ்வளவுதான் எனக்கு.

என்ன நடந்துச்சுன்னா... எங்க தொழில்ல ஒரு வழக்கம். கேள்வியக் கேட்டுட்டு வாய மூடிக்கணும். எதிர்ல இருக்கிறவங்களுக்கு அந்த அமைதி தாங்காது, உள்ள இருக்கிறத அவங்களே கொட்டிருவாங்க. நீங்ககூட இப்ப அதத்தான் பண்றீங்க. பண்ணுங்க, பரவால்ல.

அன்னிக்கு சாயங்காலம் வெளியூர் டிரான்ஸ்ஃபர் ஆர்டரோட வந்தா. ஜன்னலோரம் உக்காந்து, போகட்டுமா வேண்டாமான்னு கேட்டா. நான் பதில் சொல்லல. பழக்கதோஷம். அவளே பேச ஆரம்பிச்சா. கல்யாணமான புதுசுல இருந்து மனசுல வச்சிருந்ததெல்லாம் வந்துச்சு. அழுதா. அப்பவும் நான் வாயத் திறக்கல. போகாதன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். ஆமா மேடம், சொல்லியிருக்கலாம்.

வேற என்ன நடந்துச்சா? வேற ஒண்ணும் இல்லையே.

சரி, சொல்லிடுறேன். வேலைக்காகக் குடும்பத்த விட்டுப் போறவங்களப் பத்தி மூணு வருஷமா ஒரு படம் எடுத்துக்கிட்டிருக்கேன். முடிவு மட்டும் அமையவே இல்ல. அன்னிக்கு அவ முகத்துல வெளிச்சம் அவ்வளவு அழகா விழுந்துச்சா, மேசமேல கேமரா இருந்துச்சா, கை தானாப் போய் பட்டனத் தட்டிருச்சு. நான் பேசினா என் குரலும் பதிவாயிடுமேன்னுதான் பேசாம இருந்தேன். கடைசியில கேமராவுல எரிஞ்ச சிவப்பு லைட்ட அவ பாத்துட்டா. கத்தலங்க. முகத்தத் தொடச்சிட்டு, நல்லா வந்திருக்கான்னு கேட்டா.

நல்லா வந்திருக்குன்னு சொன்னேன் மேடம்.